ஐந்து மணிக்கு வருமென்று நான் சொன்ன கோல்

யுத்த காலம். கொழும்பு வெள்ளவத்தையில், வெளிநாட்டுக்குத் தொலைபேசிக் கோல் எடுக்கும் கொமியூனிகேஷன் கடையொன்றில் வேலை செய்தேன். எட்டாம் வகுப்போடு பள்ளிக்கூடத்துக்கும் எனக்கும் சரிவரவில்லை. வாய் மட்டும் நன்றாக ஓடும்.

வன்னியிலிருந்து வந்த அக்கா, தங்கை இருவர் தினமும் மத்தியானம் கடைக்கு வருவார்கள். ஏஜென்சிக்காரனோடு வெளிநாட்டுக்குப் புறப்பட்ட அண்ணன், எங்கள் கடை நம்பருக்கு எடுப்பதாகச் சொல்லியிருந்தானாம். நாலு மாதமாகச் சத்தமில்லை. இருவர் கையிலும் எப்போதும் பெரிய பேக்குகள்.

"என்ன தங்கச்சி, இண்டைக்கே பிளேனோ?" என்று பகிடி விடுவேன்.

ஒருநாள் சும்மா, "அண்ணன் எடுத்தவர். அஞ்சு மணிக்குத் திரும்ப எடுப்பாராம்" என்றேன். தங்கை அழுதே விட்டாள். அதற்குப் பிறகு உண்மையைச் சொல்ல எனக்கு வாய் வரவில்லை. ஆறரை மணி வரை போனையே பார்த்துக்கொண்டு நின்றார்கள். கடைசியில் பகிடியென்று சொன்னேன். அக்கா ஏசவில்லை. பேக்கைத் தூக்கிக்கொண்டு நடந்தாள்.

மறுநாள் அதே உடுப்போடு வந்தார்கள்.

"பொலிஸ் பதிவு இல்லாம ஒருத்தரும் அறை தரீனமில்லை அண்ணா. கொட்டாஞ்சேனையில சிஸ்டர்மாற்ற கன்னியர் மடத்திலதான் படுக்கிறம். பகல்ல பேக்கோட வெளிக்கிட்டிட வேணும். ஆறு மணிக்குக் கேற் பூட்டிடுவினம். நேற்று ராத்திரி கோயில் வாசல்ல இருந்தம். இன்னொருக்காப் பிந்தினா இடமில்லையாம்" என்றாள் தங்கை.

அதன்பின் அவர்கள் வரவில்லை.

அடுத்த கிழமை உண்மையாகவே அண்ணன் எடுத்தான். என் கெட்ட காலம், அவனும் ஐந்து மணிக்குத் திரும்ப எடுப்பதாகச் சொன்னான். பஸ் பிடித்துக் கொட்டாஞ்சேனைக்கு ஓடினேன். கோயில் வளவில் பேக்குகளோடு இருந்தார்கள். விஷயத்தைச் சொன்னதும் தங்கை எழும்பினாள். அக்கா கையைப் பிடித்து இருத்தினாள்.

"இண்டைக்கும் பகிடியோ அண்ணா?"

சத்தியம் பண்ணியும் நம்பவில்லை. நேரே மடத்துக்குப் போய் சிஸ்டரிடம் எல்லாவற்றையும் ஒப்புக்கொண்டேன்.

"அந்தப் பகிடிக்காரன் நீதானா?" என்று முறைத்தார். "பிந்தினா நான் கேற்ல நிப்பன். நீயே கொண்டுவந்து விடணும்."

சிஸ்டர் சொன்ன பிறகுதான் இருவரும் என்னோடு கடைக்கு வந்தார்கள். ஐந்து மணி. ஐந்தே கால். அக்கா என் பக்கம் திரும்பவேயில்லை. ஐந்து இருபதுக்குப் போன் அடித்தது.

"ஓமண்ணா, நாங்கள் சுகம்... நல்ல அறை. ஜன்னலைத் திறந்தா கடல் தெரியும்" என்றாள் அக்கா போனில், காலடியில் கிடந்த பேக்கைப் பார்த்தபடி.

இன்றும் நான் பகிடிக்காரன்தான். ஆனால் போனுக்குப் பக்கத்தில் யாராவது காத்து நின்றால், அக்காவின் அந்தக் குரல் காதில் கேட்டு என் வாய் தானாக மூடிக்கொள்கிறது.