கண் வைக்காத முகமும் எங்கள் இரண்டு சட்டகங்களும்

சித்திரம் படிப்பிக்கிறவனுக்கு ஊரில் கிடைக்கிற மரியாதையெல்லாம் கலியாண வீட்டு வாசலில் பெயர் எழுதும் வரைக்கும்தான். கணக்கு மாஸ்டரிடம் பிள்ளையின் எதிர்காலத்தைப் பற்றிக் கேட்பார்கள். எங்களிடம் மிச்சப் பெயின்ற் இருந்தால் கேற்றுக்கு அடிக்கத் தாருங்கள் என்பார்கள். என்னைப்போல் இந்தப் பாடத்தில் மாட்டுப்பட்டு முழித்த அன்பர்களுக்காகத்தான் இதை எழுதுகிறேன். மற்றவர்களும் வாசிக்கலாம், சிரிக்கத் தடையில்லை.

மாட்டுக்கு வந்த கவலை

சுனாமி வந்து போன பிறகு எங்கள் பாடத்துக்குத் திடீரென்று மவுசு வந்தது. முகாம்களில் இருந்த பிள்ளைகளை வரையவிட்டு, அந்தப் படங்களை வைத்து அவர்களின் மனநிலையைச் சொல்லக்கூடிய ஆட்களை ஒரு நிவாரண நிறுவனம் தேடியது. மட்டக்களப்பில் சித்திர ஆசிரியர்களை விட்டால் வேறு யார் இருக்கிறார்கள்? எங்களை எல்லாம் புளியந்தீவில் ஒரு மண்டபத்துக்குக் கூப்பிட்டுப் பயிற்சி தந்தார்கள். தந்தவர் கொழும்பிலிருந்து வந்த நிர்மலா மிஸ். நல்ல மனுசி, ஆனால் எதையும் எடுத்தவுடன் நம்பிவிடுவார்.

ஒரு படத்தை இரண்டு சட்டகங்களுக்குள் வைத்துப் பார்க்க வேண்டும் என்றார் மிஸ். அமைப்புச் சட்டகம் என்றால் படத்தில் என்ன இருக்கிறது, கோடு எப்படி, நிறம் என்ன, எது பெரிது, எது மூலைக்குப் போயிற்று, எது எதற்கு அடையாளம் என்று பார்ப்பது. அகச் சட்டகம் என்றால் வரைந்தவர் மனதில் என்ன இருந்தது, பார்க்கிற உங்கள் மனதை அது என்ன செய்கிறது என்று பார்ப்பது. நாங்கள் சொல்லும் பொருளை வைத்துத்தான் எந்தப் பிள்ளை தன் ஆட்களோடு இருக்கலாம், எந்தப் பிள்ளையை வெளியூர்ச் சிகிச்சை இல்லத்துக்கு அனுப்ப வேண்டும் என்று முடிவு செய்வார்களாம்.

பிறகு பயிற்சிக்காகச் சுவரில் ஒரு மாட்டுப் படத்தை ஒட்டினார். காத்தான்குடியிலிருந்து வந்திருந்த என் சிநேகிதர் காசிம் மாஸ்டரைத்தான் முதலில் எழுப்பினார். நாலு கால், ஒரு வால், தலை இடது பக்கம் என்று அமைப்பை அவர் சட்டென்று சொல்லிவிட்டார். உணர்ச்சியைச் சொல்லுங்கள் என்றதும் படத்துக்குக் கிட்டப் போய் அதன் மடியை வெகுநேரம் பார்த்துக்கொண்டு நின்றார். பார்த்துவிட்டுச் சொன்னார்: "மிஸ், இது கறவை வத்தின மாடு. பார்க்க எனக்குக் கவலையாத்தான் இரிக்கு, ஆனா வாங்கமாட்டன்."

கறுப்புக்கு வந்த வாழ்வு

எனக்கும் காசிம் மாஸ்டருக்கும் கடற்கரைப் பக்கத்து முகாம் ஒன்று கிடைத்தது. ஒவ்வொரு கூடாரத்துக்கும் ஒரு பெட்டி மெழுகு நிறக்கட்டி கொடுத்தார்கள். முதல் வாரம் வந்த படங்களைப் பார்த்து நாங்கள் இரண்டு பேரும் ஆடிப்போனோம். கறுப்புச் சூரியன், கறுப்புத் தென்னை, கறுப்பு வாழைப்பழம். நிர்மலா மிஸ் ஒவ்வொன்றாகப் புரட்டிப் பார்த்துக் கண்ணைத் துடைத்தார். ஒரு முகாம் முழுக்க ஒரே துக்கம் இப்படிக் கொட்டியதைத் தான் எங்கேயும் கண்டதில்லை என்றார். அகச் சட்டகத்துக்கு இதைவிட நல்ல உதாரணம் கிடையாது என்று நானும் தலையாட்டினேன்.

அடுத்த நாள் தண்ணீர்த் தாங்கியடியில் வாளிகள் வரிசையாக நின்றன. எல்லாம் நிறுவனம் கொடுத்த ஒரே மாதிரி நீல வாளிகள். ஆனால் ஒன்றில் சிவப்பில் பூ, ஒன்றில் மஞ்சளில் பெயர், ஒன்றில் பச்சையில் கிளி. வாளி மாறிச் சண்டை வரக்கூடாது என்று தாய்மார் பிள்ளைகளின் நிறக்கட்டிகளை எடுத்து அடையாளம் போட்டிருக்கிறார்கள். மெழுகு என்பதால் தண்ணீரில் போகவும் போகாது. அப்படியென்றால் கறுப்பை மட்டும் ஏன் பிள்ளைகளுக்கு விட்டீர்கள் என்று ஒரு தாயிடம் கேட்டேன். அவர் என்னை ஏற இறங்கப் பார்த்தார்: "குடிக்கிற தண்ணி வாளியில ஆராச்சும் கறுப்புப் பூசுவாங்களா சேர்?"

அலைக்கு வந்த கிராக்கி

புதுப் பெட்டிகள் வந்தன. நிறங்களும் திரும்பி வந்தன. ரூபன் என்ற ஏழு வயதுப் பொடியன் ஒரு நாள் கோயில் திருவிழா வரைந்தான். ஐஸ்கிறீம் வண்டி, பலூன்காரன், கச்சான் கடலை விற்கிற பெண், கூட்டத்தில் காலை மிதித்ததற்குச் சண்டை பிடிக்கிற இரண்டு பேர், எல்லாம் அதில் இருந்தன. எனக்குச் சந்தோசம் தாங்கவில்லை. ஒரு பிள்ளை தேறிவிட்டான் என்று காசிம் மாஸ்டரைக் கூப்பிட்டுக் காட்டினேன்.

அந்த நேரம் வெளிநாட்டுக்காரர் வந்த வாகனம் முகாம் வாசலில் நின்றது. ரூபன் தலையை நிமிர்த்திப் பார்த்தான். பிறகு நீல நிறக்கட்டியைக் கையில் எடுத்துக்கொண்டு, திருவிழாவுக்கு மேலே இருந்த வெறும் இடத்தைக் காட்டி என்னிடம் அனுமதி கேட்டான்: "இதில ஒரு அலை போடவா சேர்? அலை போட்டாத்தான் அவங்க நிண்டு பார்ப்பாங்க, மறுகா பிஸ்கட்டும் தருவாங்க."

வாகனம் வரப்போகிறது

இத்தனைக்கும் நடுவில் தர்சினி இருந்தாள். ஒன்பது வயது. தகப்பன் வேலாயுதம் கோயில் சிலைகளுக்கும் வாகனங்களுக்கும் வர்ணம் பூசுகிறவர். கடல் அவர்கள் வீட்டைக் கொண்டுபோனது, தர்சினியின் தாயைக் கொண்டுபோனது, தாயின் முகம் இருந்த அத்தனை போட்டோக்களையும் கொண்டுபோனது. தர்சினி தினமும் ஒரே ஒரு பெண்ணைத்தான் வரைவாள். கொண்டை, பொட்டு, மூக்குத்தி, சேலைக்கரையில் பூ, எல்லாம் பெரிய ஆட்கள் வரைந்தது போல் இருக்கும். கண் மட்டும் இருக்காது. அந்த இடம் வெறும் தாளாகவே கிடக்கும்.

படங்களை மேசையில் பரப்பி வைத்து நாங்கள் மூன்று பேரும் பார்த்தோம். அமைப்பில் ஒரு குறையும் இல்லை என்றார் காசிம் மாஸ்டர். எனக்கு உள்ளே என்னவோ செய்தது, அதற்குப் பயம் என்றுதான் பெயர். இந்தப் பிள்ளை உலகத்தைப் பார்க்கவே மறுக்கிறது, தாமதித்தால் ஆபத்து என்றார் நிர்மலா மிஸ். வெளியூர் இல்லத்துக்கு அனுப்புவது என்று முடிவாயிற்று. வாகனம் அடுத்த கிழமை வரும்.

வேலாயுதம் அப்போது வாவிக்கு அந்தப் பக்கம் வவுணதீவில் ஒரு கோயில் வேலைக்குப் போயிருந்தார். தர்சினியைக் கூடாரத்தில் வைத்துப் பார்த்துக்கொண்டவர் அவருடைய தங்கை. செய்தியைச் சொல்லும் வேலை என் தலையில் விழுந்தது. அந்த மனுசி அழவுமில்லை, சத்தம் போடவுமில்லை. சட்டியைக் கழுவிக்கொண்டே கேட்டார்: "தாயைக் கடல் கொண்டு போயிற்று. மிச்சமிருக்கிற பிள்ளைய நீங்க வாகனத்தில கொண்டு போகப்போறீங்களா சேர்?"

பாலத்தடியில் ஒரு விமர்சகர்

அந்தக் கேள்வி என்னை இருக்கவிடவில்லை. தகப்பனிடம் ஒரு வார்த்தை கேட்காமல் பிள்ளையை அனுப்புவது எந்தச் சட்டகத்துக்குள்ளும் அடங்காது என்று மிஸ்ஸிடம் சொல்லிவிட்டு, படங்களைச் சுருட்டி மோட்டார் சைக்கிளில் கட்டிக்கொண்டு புறப்பட்டேன். பாலத்தடி இராணுவச் சோதனைச் சாவடியில் சுருளைக் கண்டதும் மறித்தார்கள். அந்த நாட்களில் சுருட்டிய தாள் என்றால் வரைபடம், வரைபடம் என்றால் வில்லங்கம்.

ஒரு இளம் சிப்பாய் ஒவ்வொரு தாளாக விரித்து மணல் மூட்டையில் வைத்தான். பெண், பெண், பெண். எல்லாம் ஒரே பெண், ஒன்றுக்கும் கண் இல்லை. மற்ற இரண்டு சிப்பாய்களையும் கூப்பிட்டுக் காட்டினான். அவர்களும் தங்களுக்குள் சிங்களத்தில் கருத்துப் பரிமாறினார்கள். இப்படிக் கவனமாகப் படம் பார்க்கிற கூட்டம் எங்கள் பள்ளிக்கூடக் கண்காட்சிக்கு ஒரு முறைகூட வந்ததில்லை. கண் எங்கே என்று கேட்டான். அதைத் தெரிந்துகொள்ளத்தான் போகிறேன் என்று எனக்குத் தெரிந்த அரைகுறைச் சிங்களத்தில் சொன்னேன். அவன் தன் சட்டைப்பையிலிருந்த பேனையை எடுத்து நீட்டினான்: "மாஸ்டர், பேனை இருக்கு. கண் போடு, வீட்டுக்குப் போ."

நாள் குறிக்காத காரணம்

வேலாயுதம் மரச் சாரத்தில் ஏறி நின்று ஒரு மயிலுக்கு நீலம் பூசிக்கொண்டிருந்தார். இறங்கி வந்து படங்களைப் பார்த்தவர் அப்படியே குந்திவிட்டார். மனைவியின் முகம் அச்சாக இருக்கிறது என்று சொல்லி அழுதார். பூசின கையால் துடைத்ததில் கன்னமெல்லாம் நீலம். கண் ஏன் இல்லை என்று நான் கேட்டதற்கு, அதில் என்ன சேர் புதினம் என்பது போல் என்னைப் பார்த்தார். சிலைக்குக் கண் வைப்பது கடைசி வேலை. நாள் பார்த்து, நேரம் பார்த்து, திரை கட்டித்தான் கண் திறப்பார்கள். கண் திறந்தால் உயிர் வந்துவிடும், பார்க்கத் தொடங்கிவிடும். தர்சினி சின்ன வயதிலிருந்தே அவருக்கு வர்ணம் குழைத்துக் கொடுத்து வளர்ந்தவள், அவளுக்கு வேறு முறை தெரியாது.

எனக்குப் போன உயிர் திரும்பி வந்தது. கோயில் வேலை தெரிந்தவனிடம் கேட்டிருந்தால் முதல் நாளே விளங்கியிருக்கும். நான் பிறந்து வளர்ந்த ஊரில் கண் திறக்கிற வழக்கத்தை நானே மறந்துபோய், பயிற்சியில் தந்த சட்டகத்தைப் பிடித்துக்கொண்டு நின்றிருக்கிறேன். வேலாயுதத்தைப் பின்னால் ஏற்றிக்கொண்டு முகாமுக்கு வந்தேன்.

மிஸ் எல்லாவற்றையும் கேட்டார். கேட்டுவிட்டு, அப்படியென்றால் ஒரு நல்ல நாள் பார்த்து இங்கேயே கண் வைக்கலாமே என்று பிள்ளையிடம் மெல்லச் சொன்னார். தகப்பனும் சரி என்றார். பிள்ளை மட்டும் மாட்டேன் என்று தலையாட்டியது. அதற்கு அவள் சொன்ன காரணத்தைக் கேட்ட பிறகுதான் மிஸ் வாகனம் வேண்டாம் என்று அறிவித்தார், நான் கூடாரத்துக்கு வெளியே போய்க் கொஞ்ச நேரம் நின்றேன். அவள் சொன்னது இதுதான்: "இப்பக் கண் திறந்தா அம்மா இந்தக் கூடாரத்தப் பார்த்திருவா மிஸ். எங்களுக்கு வீடு வரட்டும்."

குசினிப் பக்கம்

வீடு வருகிறேன் வருகிறேன் என்றது, வரவில்லை. முதலில் காணி யாருக்கு என்று இழுபட்டது. அத்திவாரம் போட்டதும் யுத்தம் திரும்ப மூண்டது. வாவிக்கு அந்தப் பக்கத்துச் சனம் இடம்பெயர்ந்து வந்து எங்கள் பள்ளிக்கூடத்தில் நிரம்பியது. சீமெந்து வரவில்லை. அத்திவாரத்துக்குள் புல் முளைத்து ஆடு மேய்ந்தது. தர்சினி கூடாரத்திலிருந்து தற்காலிகக் கொட்டிலுக்கு மாறி, அங்கிருந்து என் சித்திர வகுப்புக்கு வந்து சேர்ந்தாள். வருசா வருசம் அதே பெண்ணை இன்னும் நன்றாக வரைந்தாள். கண் மட்டும் வைக்கவில்லை. தாயின் கண் எப்படியிருந்தது என்பது அவளுக்கு மறந்துபோய்விடுமோ என்று நான் உள்ளுக்குள் பயந்துகொண்டே இருந்தேன்.

யுத்தம் முடிந்தது. சிரிப்பதா அழுவதா என்று தெரியாமல் நாங்கள் நடமாடிய மாதங்கள் அவை. அந்த வருசம்தான் வேலாயுதத்தின் வீட்டுக்கு ஓடு ஏறியது. பால் காய்ச்சுகிற நாளுக்கு என்னையும் காசிம் மாஸ்டரையும் கூப்பிட்டிருந்தார்கள். காசிம் மாஸ்டர் ஒரு பெட்டி மஸ்கட் அல்வாவோடு வந்து, உங்கள் சடங்கு முடியட்டும், நான் வாசலிலேயே நிற்கிறேன் என்று மரியாதையாக நின்றுகொண்டார். மகள் பலகையில் தீட்டிய தாயின் படத்தை நடு அறையில் வைத்துத் திரை கட்டியிருந்தார் வேலாயுதம். தூரிகையை மகளிடம் கொடுத்துவிட்டு, திறக்கிற கண்ணுக்கு முதலில் காட்ட ஒரு முகம் பார்க்கும் கண்ணாடியைப் பிடித்துக்கொண்டு பக்கத்தில் நின்றார். திரைக்குப் பின்னால் அவள் கண் வைத்தாள்.

திரை விலகியது. முகத்தில் கண் இருந்தது. மனுசி எங்களோடு வீட்டுக்குள் நிற்கிற மாதிரி இருந்தது. எனக்கு அழுகை வந்துவிட்டது, நான் அதை ஒளிக்கவும் இல்லை. அழுது முடிந்ததும் தொழில் புத்தி எட்டிப் பார்த்தது. கண்மணி நேராக இல்லை, இரண்டும் இடது பக்கம் ஒதுங்கியிருந்தன. வீட்டில் வைத்துக் கும்பிடுகிற படம் கும்பிடுகிறவரை அல்லவா பார்க்க வேண்டும்? அமைப்பில் பிழை விட்டுவிட்டாயா பிள்ளை என்று காதோடு காதாகக் கேட்டேன். அவள் தூரிகையைக் கழுவிக்கொண்டே சொன்னாள்: "பிழை இல்ல சேர், அங்கதான் குசினி இரிக்கு. அப்பா கறிக்கு உப்ப அள்ளிப் போடுறவர், இனி அம்மா பார்த்துக்கொள்ளுவா."

இப்போதெல்லாம் யாராவது ஒரு படத்தை நீட்டிப் பொருள் கேட்டால், வரைந்த ஆள் எங்கே குடியிருக்கிறார், கூரை ஒழுகுகிறதா, சமையல் யார் என்று விசாரித்துவிட்டுத்தான் நான் மூக்குக்கண்ணாடியையே எடுத்து மாட்டுகிறேன்.