தொப்பூர் வெட்டில் என் நாற்காலி

யுத்தம் நடந்துகொண்டிருந்த காலத்தில் தொப்பூர் மலைப்பாதையை அகலப்படுத்தும் வேலைக்கு ஓவர்சியராகப் போனேன். சாலையின் இரு பக்கமும் பாறையை வெட்டியிருந்தார்கள். உச்சிப்பொழுது சாய்ந்ததும் மேற்குப் பக்கப் பாறையடியில் நல்ல நிழல் விழும். அங்கே நாற்காலி போட்டு ஜம்மென்று உட்கார்ந்துகொள்வேன். கல்லுடைப்பவர்களோ எதிர்ப்பக்கம், கொளுத்தும் வெயிலில் களி தின்பார்கள். எனக்குத்தான் எவ்வளவு மரியாதை என்று உள்ளம் குளிர்ந்து போவேன். ஒருநாள் பெரிய மனது பண்ணி அவர்களையும் நிழலுக்குக் கூப்பிட்டேன்.

"இருக்கட்டுங்க" என்றார்கள். அடக்கமான ஜனங்கள் என்று வீட்டுக்குக் கடிதம்கூட எழுதினேன்.

மழை பெய்த மறுநாள், நான் தண்ணீர் குடிக்க எழுந்து போயிருந்த நேரத்தில், கட்டில் அகலத்துக்கு ஒரு கல் மேலிருந்து வழுக்கி வந்து நாற்காலியை நொறுக்கியது. அப்போதுதான் அண்ணாந்து பார்த்தேன். என் பக்கத்துப் பாறை அடுக்குகள் எல்லாம் சாலையை நோக்கிச் சாய்ந்திருந்தன. எதிர்ப்பக்கத்தில் அதே அடுக்குகள் மலைக்குள் சாய்ந்திருந்தன. அடுக்குப் பாறை சரிவின் வழியே வழுக்கும் என்று பரீட்சையில் படம் போட்டு மார்க் வாங்கிய மேதாவி நான்.

"முன்னாடியே சொல்லக் கூடாதா?" என்று கத்தினேன்.

கல்லுடைக்கும் பெண் ஒருத்தி சுத்தியலைக் கீழே வைத்தாள். "நீங்க படிச்சவங்க. வுழாதுன்னு கணக்குப் போட்டுத்தான் உக்காந்திருக்கீங்கன்னு நெனச்சோங்க."

மறுநாள் நானும் வெயிலுக்குப் போனேன். ஒருவரும் எனக்காக நகர்ந்து உட்காரவில்லை.