பாக்காதக்கா

எங்கள் சலவைக்கூடத்தில் ஒருத்தியைப் "பாக்காதவ" என்று சொன்னால் அது வசவு இல்லை, பதவி. வெளியில் அந்தச் சொல்லுக்கு என்ன மரியாதையோ எனக்குத் தெரியாது. எங்களிடம் அதற்கு ஒரே பொருள்தான்: நேற்று ராத்திரி சீரியலைப் பார்க்காதவள். காலையில் ஏப்ரனை மாட்டும்போதே யாராவது குரல் கொடுப்பார்கள், "பாக்காதவங்க யாருடி இருக்கீங்க?" என்று. பார்த்தவளிடம் கதை சொல்லி என்ன சுகம்? "அப்படி இல்ல, முதல்ல அறைஞ்சா, அப்புறந்தான் அழுதா" என்று திருத்த வந்துவிடுவாள். பார்க்காதவள் கிடைத்தால்தான் சொல்கிறவளுக்கு வாய்க்கு ருசி.

அந்தப் பதவியிலும் தராதரம் உண்டு. பஸ்ஸில் மாட்டிக்கொண்டு வீடு போக நேரமானவள் ஒருநாள் பாக்காதவள். கரண்ட் போன தெருக்காரிகள் "கரண்ட் பாக்காதவங்க". அவர்களை நம்ப முடியாது, பக்கத்துத் தெருவில் போய்ப் பார்த்துவிட்டு வந்திருப்பார்கள். துண்டு மடிக்கிற ஒருத்தி இப்படித்தான் தானும் பாக்காதவள் என்று சொல்லி முன்வரிசையில் நின்றாள். சிரிக்க வேண்டிய இடம் வருவதற்கு முன்பே சிரித்து மாட்டிக்கொண்டாள். அவளுக்குப் "பொய்ப் பாக்காதவ" என்று பேர் வைத்தோம். அந்தப் பேர் இன்னும் போகவில்லை.

நிரந்தரமான பாக்காதவள் ஒருத்திதான். அவளை எல்லோரும் பாக்காதக்கா என்றே கூப்பிடுவோம்.

நாங்கள் இருப்பது ஒரு பெரிய ஹோட்டலின் அடித்தளத்தில். தலைக்கு மேல் குழாய்கள் வியர்த்துச் சொட்டும். மேலே விருந்தாளிகள் கசக்கிப் போட்டது தள்ளுவண்டியில் இறங்கும். துவைத்து, இஸ்திரி ரோலரில் கொடுத்து, மடித்து மறுபடி மேலே ஏற்ற வேண்டும். நான் கறை எடுக்கிறவள். எனக்கு அங்கே பேரே "கறை"தான். பாக்காதக்கா விரிப்பு மடிப்பவள். நல்ல உயரம், கை இரண்டும் நீளம். இரட்டைக் கட்டில் விரிப்பை ஒற்றை ஆளாக மடிக்க முடியாது. ஆளுக்கு இரண்டு முனையைப் பிடித்துக்கொண்டு எதிரெதிரே நிற்க வேண்டும், கிட்டே வர வேண்டும், முனையைக் கைமாற்ற வேண்டும், விலக வேண்டும். கதை சொல்ல இதைவிடத் தோதான வேலை உலகத்தில் உண்டா?

அவள் ஏன் பார்ப்பதில்லை என்றால், வீடு ஒரே அறை. வீட்டுக்காரர் ரொட்டி அடுப்பில் வேலை செய்கிறார். ஊர் தூங்கப் போகும் நேரத்தில் அவர் எழுந்து போக வேண்டும், அதனால் சாயங்காலமே படுத்துவிடுவார். "மனுஷன் தூங்கட்டும்" என்று அக்கா வாசற்படிக்கு வெளியே விளக்கடியில் உட்கார்ந்து காய் நறுக்குவாள், துணி தைப்பாள். ஒரே மகள், வேறு ஊரில் நர்ஸ். அவள் வாங்கிக் கொடுத்த டீவி துணி போர்த்தி மூலையில் இருக்கிறது. அதன்மேல் சீப்பும் மாத்திரை டப்பாவும் இருக்கும்.

கதை கேட்பதில் அவளுக்கு நிகர் அவள்தான். குறுக்கே பேச மாட்டாள். சரியான இடத்தில் விரிப்பின் முனையைப் பிடித்தபடி நின்று "அடப்பாவி" என்பாள், சொன்னவளுக்கு அன்றைக்கெல்லாம் சாப்பாடே வேண்டாம். கடைசி மடிப்பு விழுந்ததும் அதன்மேல் ஒரு தட்டுத் தட்டித் தீர்ப்புச் சொல்வாள். "அவன் உருப்பட மாட்டான்." "இவ பாவம், இவளுக்கு நல்லதுதான் நடக்கும்." சீரியல் எழுதுகிறவர் அந்தத் தீர்ப்புக்கு எதிராகக் கதையைத் திருப்பிவிட்டால் எங்களுக்கெல்லாம் மூக்குக்கு மேல் கோபம் வரும். மகள் புதுப் போன் வாங்கி அனுப்பியபோது, அதில் சீரியல் பார்த்தால் கண் போய்விடும் என்று நாங்கள் கூடிப் பேசி நம்பவைத்தோம். எங்களுக்கு அவள் பார்க்காமல் இருக்க வேண்டும். சுயநலம்தான், இல்லை என்று சொல்லவில்லை.

அப்போதுதான் புதுசு வந்து சேர்ந்தாள். கல்யாணமாகி அதிகக் காலம் ஆகாத பெண். பேர் கேட்டோம், சொன்னாள், ஆனால் புதிதாக வருகிறவர்களை நாங்கள் "புதுசு" என்றுதான் கூப்பிடுவோம். அக்காவுக்கு எதிரே மடித்துக்கொண்டிருந்தவளுக்கு முழங்கால் போய்விட, அந்த இடத்தில் இவளை நிறுத்தினார்கள். வாயில் கொழுக்கட்டை என்பார்களே, அப்படி. சில வாரம் பொறுத்துப் பார்த்த அக்காவுக்குத் தாங்கவில்லை.

"நீ சீரியல் பாப்பியாம்மா?"

"பாப்பேன்க்கா."

"அப்பக் கதை சொல்லேன். இப்படி ஊமையா நின்னு மடிச்சா எனக்குக் கை வலிக்குது."

புதுசு விரிப்பை ஒரு உதறு உதறினாள். பிறகு, "அதுல ஒரு பொண்ணுக்கா..." என்று ஆரம்பித்தாள்.

என் மேஜை அக்காவுக்கு நேர் பின்னால். உதட்டுச்சாயம் அப்பிய ஒரு தலையணை உறையைத் தேய்த்துக்கொண்டே காதைக் கொடுத்தேன். காய்ச்சலில் கிடந்தபோதுகூட அந்தச் சீரியலை விடாதவள் நான். எனக்கே அந்தக் கதை தெரியவில்லை. அந்தப் பெண்ணுக்கு வயிற்றில் இருந்தது தங்கவில்லையாம். புருஷன் திட்டவில்லை, அடிக்கவில்லை. பேச்சை மட்டும் நிறுத்திவிட்டான். வருவான், சாப்பிடுவான், தட்டைத் தானே கழுவி வைப்பான், சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்துக்கொள்வான். "போன்ல சிநேகிதங்ககிட்ட சிரிச்சுப் பேசுவான்க்கா. அவகிட்ட மட்டும் ஒரு வார்த்தை கிடையாது."

என் கையில் பிரஷ் நின்றுவிட்டது. எங்கள் சீரியலில் ஒருவரும் பேசாமல் இருந்ததே கிடையாது. விஷம் குடித்தவள்கூட விளம்பரம் வரும்வரை பேசிவிட்டுத்தான் சாய்வாள். செத்தவர்கள் போட்டோவிலிருந்து பேசுவார்கள். வாய் திறக்காத புருஷனை வைத்து எந்தச் சேனல் பிழைப்பு நடத்தும்? நிமிர்ந்து புதுசின் கைகளைப் பார்த்தேன். விரிப்பின் முனையை விரல் வெளுக்கிற அளவுக்கு இறுக்கிப் பிடித்திருந்தாள். ரோலர் ஓட்டுகிற ரோலரம்மாவும் அவளைப் பார்த்தாள், பிறகு என்னைப் பார்த்தாள். அது புதுசின் சொந்தக் கதை.

டீ நேரத்துக்குள் எல்லோருக்கும் புரிந்துவிட்டது, அக்காவைத் தவிர. ஒருத்தியும் வாய் திறக்கவில்லை. ஒரு வீட்டு விஷயம் எங்கள் காதில் விழுந்தால் அடுத்த நிமிஷம் மேலே ரிசப்ஷனில் இருக்கும், அப்படிப்பட்ட ஜென்மங்கள் நாங்கள். ஆனாலும் இதை மட்டும் அடக்கிக்கொண்டோம். பாவம், மனசில் இருப்பதைக் கொட்ட அவளுக்கு ஒரு இடம் கிடைத்திருக்கிறது. சீரியல் பார்க்காத ஒருத்தியிடம்தான் அதை இப்படிச் சொல்ல முடியும்.

அக்கா வழக்கம்போலக் கேட்டாள், வழக்கம்போல அந்தப் புருஷனை வறுத்தெடுத்தாள். புதுசின் முகத்தில் கொஞ்சம் தெளிச்சல்கூட வந்தது. அப்புறம் ஒருநாள் அவள் மெதுவாகச் சொன்னாள்: "அவ அன்னிக்குத் தண்ணி கேனைத் தூக்கிக்கிட்டு மாடி ஏறியிருந்தாக்கா. தூக்காதன்னு அவரு சொல்லிட்டுத்தான் போயிருந்தாரு. வீட்டுல தண்ணி இல்ல, ஆளும் இல்ல. தூக்கிட்டா."

அக்காவின் கவனம் பாதி ஒரு கிழிந்த ஓரத்தில் இருந்தது. மடிப்பைத் தட்டினாள். "அப்ப அவ மேலயுந்தான் தப்பு இருக்கு. சொன்ன பேச்சக் கேக்க வேணாமா?" என்று சொல்லிவிட்டு அடுத்த விரிப்பை எடுக்கப் போய்விட்டாள்.

ஒரு கெட்ட எண்ணமும் இல்லாமல் சொன்னதுதான். அங்கே நின்ற பெண்ணின் முகத்தை நான் பார்த்தேன். பார்க்காமல் இருந்திருக்கலாம்.

மறுநாள் புதுசே கதையை எடுத்தாள். குரலில் ஏற்ற இறக்கமே இல்லை. "அந்தப் பொண்ணு வீட்ட விட்டுப் போகப்போறாக்கா. தப்பு அவ மேலதானே. அவரு வேற யாரையாவது கட்டிக்கிட்டு நல்லா இருக்கட்டும்னு. சம்பளம் வாங்கினதும் கெளம்பிடுவா."

"எங்க போவா?"

"அது இன்னும் காட்டலக்கா."

சம்பளம் மறுநாள். அவளுக்குத் தாய்வீடு என்று சொல்லிக்கொள்ள ஒன்றும் இல்லை என்பது எங்களுக்குத் தெரியும். போவது ஒருபக்கம் இருக்கட்டும், செய்யாத குற்றத்தையும் சுமந்துகொண்டு போகிறாளே! "எங்களுக்கு எல்லாம் தெரியும்" என்று நான் அவளிடம் சொன்னால் அந்த நிமிஷமே ஓடிவிடுவாள். நான் சொல்லித் தேற்றினாலும் எடுபடாது. அவள் மனசில் ஏறியிருப்பது அக்காவின் தீர்ப்பு, அக்காதான் அதை இறக்க வேண்டும். அக்காவிடம் போய்ச் சொல்லலாம் என்றால், "உனக்கு எதைப் பாத்தாலும் கறைதான் தெரியும்" என்று சிரித்துவிட்டுப் போவாள். இதற்கு முன் நான் கட்டிவிட்ட கதைகள் அப்படி. வேறு வழி தோன்றவில்லை. அக்காவையே சீரியலைப் பார்க்கவைத்துவிட வேண்டியதுதான்.

டீ நேரத்தில் அவளைத் தள்ளுவண்டிகளுக்குப் பின்னால் இழுத்துக்கொண்டு போய் என் போனைக் கையில் கொடுத்தேன், ஒயரை ஆளுக்கு ஒரு காதில் மாட்டினேன்.

"என்னடி இது? என் பதவிக்கே வேட்டு வைக்கிறியா?"

"கொஞ்ச நேரம் பாருங்கக்கா. எனக்காக."

போனைச் சுடுவதுபோலத் தள்ளிப் பிடித்துக்கொண்டு பார்த்தாள். முதலில் சிரிப்புத்தான். "இவதானா அந்தச் சித்தி? நான் இன்னும் குண்டா நெனச்சு வெச்சிருந்தேன்." கொஞ்சம் போனதும் கேட்டாள், "அந்தப் பேசாத புருஷன் எப்ப வருவான்?"

"பாருங்க."

யாரோ கத்தினார்கள், யாரோ அழுதார்கள், அழைப்பு மணி அடித்தது, ஒரு அறை விழுந்தது. அதை ஓட்டிவிட்டு அதற்கு முந்தின நாளையதைப் போட்டேன், அதற்கும் முந்தினதைப் போட்டேன். அக்காவின் சிரிப்பு எப்போது நின்றது என்று நான் கவனிக்கவில்லை.

"இதுல ஒருத்தரும் வாய மூடலியேடி."

நான் போனை நிறுத்தினேன்.

"அந்தத் தண்ணி கேன் தூக்குன பொண்ணு..." என்று ஆரம்பித்தவள் என் முகத்தைப் பார்த்தாள். காதிலிருந்து ஒயரை எடுத்து விரலில் சுற்றினாள், பிரித்தாள், மறுபடியும் சுற்றினாள். "எல்லாருக்கும் தெரியுமா?"

"தெரியும்க்கா."

"நான் சொன்னத எல்லாரும் கேட்டீங்களா?"

"கேட்டோம்."

அக்கா தன் வாயிலேயே ஒரு அடி போட்டுக்கொண்டாள். விளையாட்டுக்குப் போட்டுக்கொள்கிற அடி இல்லை அது. எனக்கு அழுகை வந்துவிட்டது.

டீ முடிந்து விரிப்பை எடுத்தார்கள். புதுசு தன் முனைகளைப் பிடித்துக்கொண்டு தரையைப் பார்த்தபடி சொன்னாள், "அவ பையெல்லாம் எடுத்து வெச்சிட்டாக்கா."

"இரும்மா. நான் பாத்துட்டேன்."

புதுசின் கையிலிருந்து விரிப்பு நழுவிக் கீழே விழுந்தது. எங்கள் கைகளும் நின்றுவிட்டன.

"கறையோட போன்ல பாத்தேன். எத்தனையோ பேரு கத்துறாங்க. நீ சொல்ற பொண்ணு அதுல இல்ல."

புதுசு கதவைப் பார்த்தாள். அக்கா தன் முனையை விடாமல், விழுந்த பாதியையும் வாரிக்கொண்டு அவளிடம் நடந்தாள்.

"அன்னிக்கு எதையும் பாக்காமயே ஒரு பேச்சுப் பேசிட்டேன், அவ மேல தப்புன்னு. அது என் தப்பு. தண்ணி தூக்கினதால ஒண்ணும் போகலம்மா. நான் ஒரு டம்ளர்கூடத் தூக்கல. படுத்த படுக்கையா இருந்தேன். எனக்கும் முதல்ல ஒண்ணு தங்கல."

எங்கள் ஒருத்திக்கும் இது தெரியாது. எங்கள் வீட்டுக் கதை, சீரியல் கதை எல்லாம் அவளிடம் கொட்டியிருக்கிறோம், இத்தனை வருஷத்தில் அவளை ஒரு வார்த்தை கேட்டதில்லை.

"எங்ககிட்ட சொன்னதே இல்லியேக்கா" என்றாள் ரோலரம்மா.

"எங்கடி சொல்றது? இவளுக்காவது சொல்லிக்க ஒரு சீரியல் கெடைச்சுது."

புதுசு அந்த விரிப்பிலேயே முகத்தைப் புதைத்துக்கொண்டு வாய்விட்டு அழுதாள். மேலேயிருந்து சூப்பர்வைசர், விரிப்பு எங்கே விரிப்பு எங்கே என்று படிக்கட்டு வழியாகக் கத்தினான். "வருது, வருது, பறந்தா வரும்?" என்று நானும் கத்தினேன். அக்கா அவள் தலையைத் தன் ஏப்ரனோடு சேர்த்துப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

"போறதும் இருக்கறதும் உன் இஷ்டம்மா. யாரும் கேக்க மாட்டோம். போனா உன் பைய மட்டும் தூக்கிக்கிட்டுப் போ. அந்தப் பழியத் தூக்கிக்கிட்டுப் போகாத."

சம்பளத்துக்கு மறுநாள் காலையில் பாக்காதவங்க யார் என்று ஒருத்தியும் குரல் கொடுக்கவில்லை. எல்லோரும் வாசலையே பார்த்துக்கொண்டிருந்தோம். அக்கா ஒரு விரிப்பைத் தனியாகக் கையில் வைத்துக்கொண்டு நின்றாள். மணி அடித்த பிறகு புதுசு வந்தாள். கண் இரண்டும் வீங்கியிருந்தன. ஏப்ரனை மாட்டிக்கொண்டு நேராகப் போய் எதிர்முனையைப் பிடித்தாள். இரண்டு பேரும் கிட்டே வந்தபோது அக்கா தாழ்ந்த குரலில் கேட்டாள், "பேசினாராம்மா?"

"இல்லக்கா. நான் பேசினேன்."