ஒளியாதே

லாஸ்பேட்டை அன்புசெல்வி இன்ஸ்டாகிராமில் ‘ஒளியாதே’ என்று ஒரு பக்கம் நடத்துகிறாள். குண்டாக இருப்பதற்கு யாரும் கூச வேண்டாம் என்று அவள் பேசுவதைக் கேட்கப் பன்னிரண்டாயிரம் பேர் இருக்கிறார்கள்.

போன வாரம் டாக்டர், சர்க்கரை ஏறிவிட்டது, தினமும் நடந்தே ஆக வேண்டும் என்றுவிட்டார். ‘இவளே இளைக்கப் பார்க்கிறாள்’ என்று எவராவது படம்பிடித்துப் போட்டுவிட்டால்? ஸ்கூட்டரில் போகிறவளைப்போல் கண் மட்டும் தெரியத் துப்பட்டாவை முகத்தில் சுற்றிக்கொண்டு, விடியுமுன் கடற்கரைச் சாலையில் நடந்தாள். பின்னால் காலடிச் சத்தம் கேட்டது. எட்டி நடை போட்டாள். சத்தம் விடவில்லை.

“அக்கா, நீங்கதான? உடம்ப பாத்தே கண்டுபுடிச்சிட்டேன்,” என்று மூச்சிரைக்க வந்து நின்றாள் ஒரு பருத்த பெண். “உங்க பேச்ச கேட்டுதான் நானே வெளிய வந்து ஓடுறேன். நீங்க ஏன்கா மூஞ்ச மூடினு இருக்கீங்க?”

“வெயிலு,” என்றாள் அன்புசெல்வி.

சூரியன் இன்னும் கடலைவிட்டு எழவில்லை.