கூண்டுக்குள் ஒரு வாங்கு

தொண்ணூறுகளின் நடுவில் ஒருநாள், இரவு வேலை முடித்த கையோடு மகளின் வகுப்புச் சுற்றுலாவுக்குத் துணையாகப் போனேன். ரொறொன்ரோவுக்கு வெளியே இருந்த பழைய நீதிமன்றம் ஒன்றை அருங்காட்சியகமாக்கியிருந்தார்கள். பிள்ளைகள் மாடிக்கு ஏறினார்கள். எனக்குப் படி ஏறக் காலில் பலமில்லை. கீழே விசாரணை மண்டபத்தில் நாற்காலிகள் நிறைய இருந்தன. எல்லாவற்றுக்கும் குறுக்கே கயிறு கட்டியிருந்தது.

காவலாளி குற்றவாளிக் கூண்டுக்குள் நீளமான மர வாங்கு ஒன்றில் அமர்ந்திருந்தார். எங்கள் தமிழ் ஆள்தான். நரைத்த மீசை, அளவுக்குப் பெரிய சீருடை. ஒரு சப்பாத்தைக் கழற்றிவிட்டுப் பாதத்தை அழுத்திக்கொண்டிருந்தார்.

“அண்ணை, இருக்க வேறை இடம் கிடைக்கேல்லையோ?”

“மற்றதெல்லாம் நூறு வருசப் பழசு, தம்பி. இருக்க விடாங்கள். இந்த வாங்கு மட்டும்தான் புதுசாச் செய்து போட்டது.” கொஞ்சம் ஒதுங்கினார். “நீரும் களைச்சுப்போய் நிக்கிறீர். வாரும்.”

போய் அமர்ந்தேன். காலை நீட்டிக்கொண்டேன்.

பிள்ளைகள் இறங்கி வந்தார்கள். குற்றம் சாட்டப்பட்டவர்களை வைத்து விசாரித்த இடம் இது என்று ஆசிரியை கூண்டைக் காட்டினார். வகுப்பு முழுவதும் எங்களைப் பார்த்தது. மகள் தலையைக் குனிந்துகொண்டாள்.

எழும்பப் போனேன். காவலாளி என் முழங்காலில் கை வைத்தார்.

“இரும். உவையள் இப்ப போயிடுவினம்.”

மகளின் குனிந்த தலை இன்னும் கண்ணில் நிற்கிறது. ஆனாலும் அதற்குப் பிறகு எந்த நாற்காலியிலும் எனக்கு அப்படிக் கால் ஆறியதில்லை.