மேனேஜர் அவிழ்த்த கட்டு

அன்று வலது காலில் அந்த வெள்ளைத் துணியை நானே சுற்றிக்கொண்டேன். அப்போதெல்லாம் நாங்கள் வெறுங்காலோடு கால்பந்து ஆடுவோம். பாதத்தில் துணியை வரிந்து கட்டுவதோடு சரி. தேசிய அணியின் மேனேஜர் ஒவ்வொருவன் காலையும் தம் மடியில் எடுத்து வைத்து, விரல் விரலாக அழுத்திப் பார்த்துத் தாமே கட்டிவிடுவார். ஐம்பதைத் தாண்டியவர் மடியில் காலை நீட்ட எங்களுக்குத்தான் கூச்சம், அவருக்கு இல்லை.

சுதந்திரம் வந்த மறு வருடம். வெளிநாட்டில் ஆட அணி கப்பலேறுமுன் சென்னையில் கடைசிப் பயிற்சி ஆட்டம். அதில் ஆடுகிறவர்களுக்கே பயணம் என்று பேச்சு. சாந்தோமிலிருந்து நான் ஒருவன்தான். சர்ச்சில் பூசை முடிந்த கையோடு எங்கள் தெருவே மைதானத்துக்கு வந்துவிட்டது. எனக்கோ பெருவிரல் பிளந்து சீழ் வைத்திருந்தது. சொன்னால் கப்பல் போச்சு. அதனால்தான் மேனேஜர் வருவதற்குள் கட்டிக்கொண்டு உட்கார்ந்துவிட்டேன்.

அவர் வந்து என் காலை மடியில் எடுத்து முடிச்சை அவிழ்த்தார். கடைசிச் சுற்று புண்ணோடு ஒட்டியிருந்தது. தண்ணீர் விட்டு நனைத்து மெல்ல உரித்தார். "யாருக்கும் சொல்லாதே. மறைச்சேன்னு தெரிஞ்சா அடுத்த தடவையும் உன்னை எடுக்க மாட்டாங்க" என்றார்.

ஆட்டத்தில் என்னைக் காணோம் என்றதும் கூட்டம் கயிற்றைத் தள்ளிக்கொண்டு வந்தது. முன்னால் என் தாய்மாமன். "இன்னா சார், எங்க ஆளை எதுக்கு குந்த வெச்சுகினு கீறே? கடக்கரைக்காரன் கப்பல்ல ஏறக் கூடாதா?" என்று மேனேஜரின் சட்டையைப் பிடித்தார்.

"என் முடிவு. அவனைக் கேக்காதீங்க."

யாரோ வீசிய மண் அவர் முகத்தில் விழுந்தது. கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். நான் காலைத் துண்டால் மூடியபடி இரண்டடி தள்ளி உட்கார்ந்திருந்தேன்.

அணியில் அவர் தொடங்கிய வழக்கம் அவருக்குப் பின்னும் நிலைத்தது; காலைக் காட்டாமல் எவனும் களம் இறங்கவில்லை. சாந்தோமில் நிலைத்தது வேறு. அங்கே அவர் துரோகி, நான் வஞ்சிக்கப்பட்டவன். டீக்கடையில் எனக்கு இடம் ஒதுக்கிக் கொடுத்தார்கள். என் கல்யாணத்துக்கு அவர் வந்தபோது ஒருவரும் உட்காரச் சொல்லவில்லை. என் கையைப் பிடித்து வாழ்த்திவிட்டுச் சாப்பிடாமலே போனார். அவர் சொன்னதால் வாயைத் திறக்கவில்லை என்று சமாதானம் சொல்லிக்கொள்ளலாம். உண்மையில் அந்த மரியாதை எனக்குப் பிடித்திருந்தது. வெட்கமாக இருக்கிறது.

இப்போது மட்டும் இதைச் சொல்லத் தைரியம் எங்கிருந்து வந்தது என்று கேட்பீர்கள். அன்று கயிற்றைத் தள்ளிக்கொண்டு வந்தவர்களில் ஒருவர்கூட இன்று உயிரோடு இல்லை.