சின்னா என்றால் கோபக்காரன்

பரமநாதனுக்குக் கோபம் வந்து யாரும் பார்த்ததில்லை. களைப்பு வந்துதான் பார்த்திருக்கிறார்கள். விடிய ஐந்தரைக்கு, ஒஸ்லோவில் வீட்டுக்குக் கிட்டவுள்ள அம்மருட் நிலையத்தில் அவர் முதல் ரயிலுக்கு வந்து நிற்பார். களைப்பு அவருக்கு முந்தியே வந்து இடம் பிடித்திருக்கும். ஹோட்டல் படுக்கை விரிப்புகளைச் சலவை செய்யும் இடத்தில் வேலை. ஊருலகமெல்லாம் படுத்து எழும்பிய விரிப்புகளைப் பதினாறு வருடமாக மடித்து அடுக்குகிறவருக்குத் தான் நீட்டி நிமிர்ந்து படுக்க நேரமில்லை.

அப்படிப்பட்ட மனிதருக்கு வேலைத்தலத்தில் பெயர் ‘சின்னா’. நோர்வே மொழியில் சின்னா என்றால் கோபமாக இருப்பவன்.

பெயர் வந்த விதம் இதுதான். தகப்பன் பெயர் சின்னத்தம்பி. எங்கள் வழக்கப்படி அது மகன் பெயரோடு கூடவே வந்தது. எண்பத்தேழில் அகதியாக ஒஸ்லோவில் இறங்கியபோது அதைக் குடும்பப் பெயர் என்று எழுதிக்கொண்டார்கள். சலவைச்சாலைப் பட்டியலில் குடும்பப் பெயர்தான் முன்னுக்கு நிற்கும். மேற்பார்வையாளர் ரூவார் முதல்நாள் அதை வாசிக்கத் தொடங்கி, பாதியில் மூச்சு முட்டி, ‘சின்னா’ என்று நிறுத்திவிட்டார். எல்லோரும் சிரித்தார்கள். ஏனென்று தெரியாமல் பரமநாதனும் சிரித்து வைத்தார். மூன்றாம் நாள்தான் கூட வேலை செய்யும் செபஸ்ரியன் விளங்கப்படுத்தினார்.

“அண்ணை, இவங்கள் உங்களைக் கோவக்காரன் எண்டெல்லோ கூப்பிடுறாங்கள். ஒருநாளைக்காவது கோவிச்சுக் காட்டுங்கோ, பேருக்கு மரியாதையா இருக்கும்.”

அது என் பெயரில்லை, என் அப்பாவின் பெயர் என்று ரூவாரிடம் சொல்ல ஒரு வசனத்தை நோர்வே மொழியில் தயார் பண்ணி வைத்தார். அன்றைக்கு வேலை முடியக் கால் கடுத்தது, நாளைக்குச் சொல்லலாம் என்று விட்டார். அந்த நாளைக்குப் பதினாறு வயதாகிவிட்டது.

தொண்ணூற்றிரண்டில் மகள் பிறந்தாள். ஆஸ்பத்திரியில் தந்த தாளில் பரமநாதன் தன் கையாலேயே ‘சாருகா பரமநாதன்’ என்று அழகாக எழுதிக் கொடுத்தார். பிள்ளைக்குத் தகப்பன் பெயர்தானே? மனைவி சிவநாயகி கலியாணத்தோடேயே சிவநாயகி பரமநாதன் ஆகியிருந்தாள். ஆக அந்த வீட்டில் பரமநாதன் இல்லாத ஒரே ஆள் பரமநாதன்தான்.

இந்தப் பகிடியின் விலை 2003 கோடையில் தெரிந்தது. லண்டனில் பரமநாதனுடைய தம்பியின் கலியாணம். சிவநாயகிக்கு லீவு கிடைக்காததால் தகப்பனும் மகளும் மட்டும் போனார்கள். இறங்கிய விமான நிலையத்தில் அதிகாரிகள் இருவரின் அகதிப் பயணப் பத்திரங்களையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தார்கள். ஆள் சின்னத்தம்பி, பிள்ளை பரமநாதன். பதினொரு வயதுச் சாருகாவைத் தனியறைக்குக் கூட்டிக்கொண்டு போய், இந்த ஆள் உண்மையிலேயே உன் அப்பாவா என்று திருப்பித் திருப்பிக் கேட்டார்கள். மூன்று மணித்தியாலம். தாலி கட்டி முடிந்து, பந்தியும் முடிந்து, கதிரைகளை அடுக்குகிற நேரத்தில்தான் இருவரும் மண்டபத்துக்குப் போய்ச் சேர்ந்தார்கள்.

வீட்டுக்கு வந்ததும் சாருகா சொல்லிவிட்டாள்: “என்ரை பேரும் உங்கடை பேரும் ஒண்டாகிற வரைக்கும் நான் உங்களோடை பிளேன் ஏறமாட்டன்.”

சும்மா சொல்கிறாள் என்று நினைத்தார். அடுத்த கோடைக்கும் அவள் வரவில்லை. அதற்கடுத்த கோடையில் கேட்கவே அவருக்குப் பயமாக இருந்தது.

அது 2005. நோர்வே சுவீடனை விட்டுப் பிரிந்து நூறு வருடம் என்று நகரமெங்கும் கொடி. சலவைச்சாலையும் தன் பங்குக்கு, வெளிநாட்டு வேலையாட்களுக்கு வேலை முடிந்தபின் வாரம் ஒருமுறை வரலாற்று வகுப்பு வைத்தது. கோப்பி சும்மா கிடைத்ததால் பரமநாதன் போனார். டென்மார்க்கோடு கிட்டத்தட்ட நானூறு வருடம் இருந்ததைக் கண்ணைத் திறந்துகொண்டு கேட்டார். டென்மார்க் போரில் தோற்க, நாடு சுவீடனுக்குக் கைமாறிய இடத்தில் தூங்கிவிட்டார். அடுத்த தொண்ணூற்றொரு வருடத்தையும் தூக்கத்திலேயே கடந்தார். ஐரோப்பியக் கூட்டில் சேர்வதா என்று இரண்டு தரம் வாக்கெடுத்து, இரண்டு தரமும் இந்த நாடு வேண்டாம் என்று சொன்னதாம். அதற்கு விழித்தார். ஒரு நாடே இரண்டு தரம் முகத்துக்கு நேரே வேண்டாம் என்கிறது, தனக்கோ ஒரு ரூவாரிடம் ஒரு தரம் சொல்ல வாய் வரவில்லையே என்று கொஞ்சம் வெட்கமாக இருந்தது.

பிறகு, படிப்பிக்கிற தூரில்ட் அம்மா பெயர்களின் கதைக்கு வந்தார். முந்தி இங்கே சாதாரண சனத்துக்குக் குடும்பப் பெயரே இல்லை. ஊலாவின் மகன் ஹான்ஸ் என்றால் ஹான்ஸ் ஊல்சன். அவனுடைய மகன் ஊலா என்றால் ஊலா ஹான்சன். தலைமுறைக்குத் தலைமுறை மாறும். 1923இல் ஒரு சட்டம் வந்து, இனி எல்லோரும் ஒரே பெயரில் நில்லுங்கள் என்றது. அந்த நேரம் யார் பெயர் ஒட்டியிருந்ததோ அதுவே நிலைத்துவிட்டது.

“அப்ப இவங்களும் எங்களைப்போலத்தான் இருந்திருக்கிறாங்கள்,” என்று பரமநாதன் செபஸ்ரியனின் காதில் சொன்னார்.

“ஓம் அண்ணை. நாங்கள் எண்பது வருசம் பிந்தி வந்திட்டம்.”

ஞாயிற்றுக்கிழமை பெயர் மாற்றும் படிவம் சமையலறை மேசைக்கு வந்தது. சின்னத்தம்பியை எடுத்துவிட்டால் சுகம் என்றாள் சிவநாயகி. பரமநாதன் பேனையை எடுத்தார். பதினெட்டு வருடமாக அந்தப் பெயரால் பட்ட பாடு கொஞ்சமல்ல. ஆனாலும் செத்துப்போன மனிதரைத் தன் கையாலேயே வெட்டிவிடுவதற்குப் பேனை நகரவில்லை. அப்படியென்றால் நீங்கள் எல்லோரும் சின்னத்தம்பியாகுங்கோவன் என்று மெதுவாகக் கேட்டுப் பார்த்தார். வகுப்பு முழுக்க என்னைக் கோவக்காரி என்று கூப்பிடவா என்று சாருகா திருப்பிக் கேட்டாள். அதோடு அந்தப் பேச்சு முடிந்தது. படிவம் இரண்டு கிழமை சீனிப் போத்தலுக்குக் கீழே கிடந்தது.

மூன்றாம் கிழமை அவர் யாரையும் கேட்காமல் நிரப்பிக்கொண்டு போனார். மொழிக்கு உதவி என்று சாருகா பள்ளிக்கூடம் முடிந்து நேரே அலுவலகத்துக்கு வந்தாள். வரிசை இலக்கம் எடுத்துக்கொண்டு ஒரு மணித்தியாலம் இருந்தார்கள். பரமநாதன் உட்கார்ந்தபடியே தூங்கினார், இலக்கம் வர மகள் தட்டி எழுப்பினாள்.

கண்ணாடிக்கு அப்பால் இருந்த இளம்பெண் வாசித்துவிட்டு நிமிர்ந்தாள். பரமநாதன் சின்னத்தம்பி பரமநாதன். ஒரே பெயரைத் தவறுதலாக இரண்டு தரம் எழுதிவிட்டீர்களா, ஒன்றை அடித்துவிடவா என்று தன்மையாகத்தான் கேட்டாள்.

சாருகா வாயைத் திறந்தாள். பரமநாதன் மகளின் கையைப் பிடித்து நிறுத்தினார். உடைந்த நோர்வே மொழியில், அவசரப்படாமல் சொன்னார்:

“பிழையில்லை. முதலாவது நான். நடுவிலை என்ரை அப்பா. கடைசியிலை நிக்கிறது இவளின்ரை அப்பா.”

அந்தப் பெண் மூன்று பெயரிலும் பேனையை ஒவ்வொன்றாக வைத்துப் பார்த்தாள். பிறகு முத்திரை குத்தினாள். எட்டுக் கிழமை செல்லும் என்றாள்.

இருவரும் படியிறங்கினார்கள். கீழே வந்ததும் சாருகா பாதையைப் பார்த்தபடி கேட்டாள்:

“ஈஸ்டர் லீவுக்கு லண்டன் சித்தப்பாவிட்டைப் போவமா?”

“விசா எடுக்கவேணும். அதுக்கும் ஒரு படிவம் இருக்கு.”

“நான் நிரப்பித் தாறன். நீங்கள் ரயிலிலை படுங்கோ.”

அவர் படுத்தார். இறங்கவேண்டிய அம்மருட் வந்தபோது அவள் எழுப்பவில்லை. கடைசித் தரிப்பிடம் வரைக்கும் போய், அதே ரயிலில் திரும்பி வந்தார்கள்.